மூன்றாவது வரிசையில் என் அண்ணன்

என் அண்ணனுக்குக் காது கேட்காது. பிறவியிலிருந்து அப்படியல்ல. இருபது வயதில் எங்கள் ஊர் தங்கவயலில் தங்கச் சுரங்கத்தில் இறங்கி, பாறையைத் துளைக்கிற எந்திரத்தை நெஞ்சோடு அணைத்துப் பிடித்தபடி, சுரங்கம் மூடும் வரைக்கும் வேலை பார்த்தார். முதலில் வலது காது போனது, அப்புறம் இடது. பாறை மிச்சமிருக்கிறது, இன்றைக்கும் கீழே போனால் பார்க்கலாம். காது மிச்சமில்லை.

நான் மேடை நடிகன். அதோடு பெங்களூரில் ஒரு நாடகப் பள்ளியில் இயக்கம் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவன். நடிப்பு சோறு போடவில்லை, வாத்தியார் வேலை போட்டது. வேலை அங்கே என்றாலும் வீட்டை மாற்றவில்லை. விடியும்போதே எங்கள் ஊர் மாரிக்குப்பம் ஸ்டேஷனில் ரயிலேறி, சீட்டாடுகிறவர்களின் கூச்சலுக்கு நடுவில் பாடத்தைத் தயார் பண்ணிக்கொண்டு போய், பொழுது சாய்ந்து திரும்பி வருவேன். இந்தச் செத்த ஊரில் என்ன இருக்கிறது என்று பள்ளியில் கேட்பார்கள். அண்ணன் வீட்டுக்குப் பக்கத்து வீடு காலியாக இருக்கிறது என்பேன். அது நகைச்சுவை என்று நினைத்துச் சிரிப்பார்கள். சிரிக்கட்டும்.

எங்கள் வீட்டில் முதல் நடிகர் அண்ணன்தான். மைசூர் மைன்ஸ் சுரங்கத்துப் பக்கம், தொழிலாளர் வீட்டு வரிசையான எங்கள் லைனில் பொங்கலுக்குப் பொங்கல் நாடகம் போடுவார்கள். நடிக்கிறவர்கள் எல்லோரும் சுரங்கத் தொழிலாளிகள், மூன்று ஷிப்டில் வேலை. ஒருவன் ஒத்திகைக்கு வருகிற நேரத்தில் இன்னொருவன் கேஜ் என்கிற இரும்புக் கூண்டில் நின்று பாதாளத்துக்கு இறங்கிக்கொண்டிருப்பான். ஆகவே இருக்கிறவன் இல்லாதவனின் வசனத்தையும் பேச வேண்டும். இப்படிப் பேசிப் பேசியே எல்லோருக்கும் மொத்த நாடகமும் மனப்பாடம் ஆகிவிடும். கதாநாயகனும் வில்லனும் முதல் முறையாக ஒருவர் முகத்தை ஒருவர் பார்ப்பது நாடகத்தன்று மேடையில்தான். பெங்களூரில் இதற்கு நீளமாக ஒரு பேர் வைத்து, தரையில் உருளச் சொல்லி, கண்ணை மூடச் சொல்லி, வாரக்கணக்கில் பயிற்சி கொடுக்கிறார்கள். நானும் கொடுத்திருக்கிறேன். சம்பளம் வாங்குகிறவன் வேறென்ன செய்வான்?

பார்க்க வருகிறவர்களில் பாதிப் பேருக்கு அரைக் காதுதான். அவர்களுக்கு வசனம் காதில் ஏறாது, வாயசைவைப் பார்த்துத்தான் பிடிப்பார்கள். அதனால் எங்கள் லைன் மேடையில் ஒரே சட்டம்தான்: முகத்தைக் காட்டு. காதலியைக் கொஞ்சினாலும், அப்பனை வெட்டினாலும், செத்தே விழுந்தாலும் முகம் சனங்களைப் பார்த்து இருக்க வேண்டும். எவனாவது முதுகைத் திருப்பினால் "மூஞ்சக் காட்டுடா!" என்று கீழேயிருந்து கத்துவார்கள். செவிடன் காதில் ஊதிய சங்கு என்று ஒரு பழமொழி சொல்கிறார்களே, அதை என் வகுப்பில் யாரையும் சொல்ல விட்டதில்லை. எங்கள் ஊரில் சுரங்கச் சங்கு ஊதினால் செவிடன்தான் முதலில் எழுந்து ஷிப்டுக்குப் போவான்.

அண்ணன் மேடையை விட்டது இந்தச் சட்டத்தால்தான். காது மங்கிய பிறகு எதிரே நிற்பவன் எப்போது பேசி முடித்தான் என்று தெரிந்துகொள்ள அவன் வாயைப் பார்க்க வேண்டும். அவன் வாயைப் பார்த்தால் சனங்களுக்கு இவர் முகம் தெரியாது. சனங்களுக்கு முகத்தைக் காட்டினால் எதிராளி முடித்தது தெரியாது. ஒரு பொங்கலுக்கு இரண்டையும் செய்யப் பார்த்துக் கழுத்தைத் திருப்பித் திருப்பியே நடித்தார். கோழி மாதிரி என்று யாரோ சொன்னார்கள். அடுத்த வருஷம் தன் வேஷத்தை எனக்குக் கொடுத்துவிட்டுக் கீழே போய் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்துகொண்டார். முதல் வரிசையில் உட்கார்ந்தால் அண்ணாந்து பார்க்க வேண்டும், வாய் தெரியாது; ஐந்தாவதுக்குப் போனால் உதடு மங்கிவிடும். மூன்றாவதுதான் சரியான இடம்.

அவர் என்னைவிட நல்ல நடிகர். இதை அடக்கத்துக்காகச் சொல்லவில்லை. எனக்கு அடக்கம் கிடையாது, யாரை வேண்டுமானாலும் கேட்டுக்கொள்ளுங்கள்.

பெங்களூருக்குப் போய் நான் பெரிய மேடைகளில் நடிக்க ஆரம்பித்தபோது இரண்டு தடவை வந்து பார்த்தார். அங்கே எல்லோரும் முணுமுணுப்பார்கள், பாதி நேரம் பக்கவாட்டில் திரும்பி நிற்பார்கள், நவீன நாடகம் அப்படித்தான். திரும்பி வருகிற ரயிலில் அண்ணன் கேட்டார்: "ஏன்டா, எல்லாம் செவுத்தப் பாத்தே பேசிகினு கீறீங்க? எதிர்ல நாங்க ஒக்காந்துகினு இல்ல?" அதற்கப்புறம் வரவில்லை. காதுக்கு வைக்கிற மிசினும் வாங்கிக் கொடுத்தோம். மண்டபத்தில் போட்டால் அத்தனை சத்தமும் சேர்ந்து இரைகிறது, மறுபடி பாறைக்குள் நிற்கிற மாதிரி இருக்கிறது என்று கழற்றி அலமாரியில் வைத்துவிட்டார்.

எங்கள் பள்ளிக்கு ஒரு வருஷம் எஸ்தோனியா நாட்டிலிருந்து ஒரு மேடை நடிகர் ஒரு மாதம் பாடம் நடத்த வந்தார். அந்த நாடு எங்கே இருக்கிறது என்று அன்றைக்குத்தான் வரைபடத்தில் தேடினேன். அவரும் என்னைப் போல நடிப்பு பாதி, இயக்கம் சொல்லிக்கொடுப்பது பாதி என்று பிழைத்தவர். ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்குக் கூட்டி வந்தேன். அண்ணனுக்கு அவர் மொழி தெரியாது, கேட்கவும் கேட்காது; அவருக்குத் தமிழில் சோறு என்றால் என்னவென்று தெரியாது. இருந்தும் வாசலில் நின்று அவர் ஏதோ ஒரு கிழவன் படகுக்காகக் காத்திருக்கிற மாதிரி நடித்துக் காட்ட, அண்ணன், "படகு வராது. வூட்டுக்குப் போனா பொண்டாட்டி திட்டுவா. அதான் நின்னுகினே கீறாரு," என்றார். நான் மொழிபெயர்த்துச் சொன்னதும் அந்த மனிதர் அண்ணனின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார்.

அவர் என்னிடம் இரண்டு விஷயம் விட்டுவிட்டுப் போனார். ஒன்று, அவர்கள் ஊரில் குளிர்காலம் முழுக்க இருட்டு, சனங்கள் நாடகத்துக்கு வருவதே வெளிச்சத்தில் ஒரு மனித முகத்தைப் பார்க்கத்தான் என்றார். இது எனக்குத் தெரிந்ததுதான், எங்கள் லைனில் கற்றது. இன்னொன்று, ஒத்திகையில் இயக்குநரோடு எவ்வளவு வேண்டுமானாலும் சண்டை போடு, ஆனால் நாடகம் ஒரு தடவை மேடையேறிவிட்டால் அப்புறம் நடிகன் எதையும் மாற்றக் கூடாது என்பது. இதை நான் பிடித்துக்கொண்டேன். பள்ளியில் ஒரு மாணவன் இயக்கிய நாடகத்தில், மூன்றாவது நாள் தன் இஷ்டத்துக்கு நிற்கிற இடத்தை மாற்றிய ஒரு நடிகனை எல்லோர் முன்னாலும் நிறுத்தி, அடுத்த நாளே அவன் வேஷத்தை இன்னொருவனுக்குக் கொடுக்க வைத்தேன். செய்தது சரிதான். இன்றைக்கும் அதையே சொல்வேன்.

அந்த நாடகத்தை இயக்கிய மாணவன்தான் இப்போது பெரிய இயக்குநர். அவனும் எங்கள் ஊர்தான், ஒரு வகையில். எந்திரத் தொழிற்சாலையில் அப்பாவுக்கு என்ஜினீயர் வேலை கிடைத்துத் தஞ்சாவூர்ப் பக்கமிருந்து வந்த குடும்பம். தொழிற்சாலை டவுன்ஷிப்பில் மரநிழல், தோட்டம், பூப்பந்து ஆடுகளம் என்று வளர்ந்த பையன். எங்கள் லைன் பக்கம் அவன் முதல் தடவை கால் வைத்தது நாடகத்துக்குத் தகவல் சேகரிக்கத்தான். ஆனால் பேட்டிகளில் பார்த்தால் "தங்கவயல் மண்ணின் மைந்தன்". மண்ணின் மைந்தர்கள் மண்ணுக்குள் இருந்தார்கள், அவர்களை யார் பேட்டி எடுத்தார்கள்? ஆனாலும் கெட்டவன் என்று சொல்ல மாட்டேன். வீட்டுக்கு வந்தால் அண்ணியின் காலைத் தொட்டுத்தான் உட்காருவான். திறமைசாலி. அதுதான் தொல்லை.

சுரங்கத்தைப் பற்றி நாடகம் போடப் போகிறேன், கிழட்டுத் தொழிலாளியாக நீங்கள்தான் நடிக்க வேண்டும் என்று வந்து நின்றான். ஒப்புக்கொண்டேன். ஒத்திகையில் கடைசிக் காட்சிக்கு வசனம் சரியாக அமையாமல் அவன் தவித்தபோது அண்ணன் சொன்ன ஒன்றை எடுத்துக் கொடுத்தேன். சுரங்கத்தை மூடின வாரம், லைன் முழுக்க ஒப்பாரியாக இருந்தபோது, அண்ணன் கயிற்றுக் கட்டிலில் உட்கார்ந்து சொன்னது: "மிசின் சத்தம் நின்னுபோச்சின்னு எல்லாம் அழுவுறாங்க. எனக்கு அது எப்பவோ நின்னுபோச்சி. நான் யாருகிட்ட போயி அழுவறது?"

பையன் அதை இன்னொரு தடவை சொல்லச் சொல்லிக் கேட்டான். பிறகு எழுதிக்கொண்டான். பெங்களூரில் நாடகம் வெற்றி. கடைசியில் நான் அந்த மூன்று வரியைச் சொன்னதும் எல்லோரும் எழுந்து நின்று தட்டுவார்கள். தட்டும்போதெல்லாம் எனக்கு ஒன்றுதான் தோன்றும்: இது என் அண்ணனுக்குச் சேர வேண்டிய கைதட்டல். அவருக்கு இப்படி ஒன்று நடக்கிறது என்பதே தெரியாது.

நாடகம் எங்கள் ஊருக்கும் ஒரு நாள் வருகிறது என்று பையன் சொன்னபோது எனக்கு இருந்த ஆசை ஒன்றே ஒன்றுதான். அண்ணன் மூன்றாவது வரிசையில் உட்கார வேண்டும், என் வாயிலிருந்து தன் சொல்லைத் தானே பார்க்க வேண்டும், அதற்கு ஊரே கைதட்டுவதைப் பார்க்க வேண்டும். முன்கூட்டியே கதையைச் சொல்லட்டுமா என்று கேட்டேன். "நீ எல்லாத்தியும் இங்கியே சொல்லிட்டா அங்க வந்து நான் இன்னாத்தப் பாக்கறது? போடா," என்றார். அண்ணியிடம் வெள்ளைச் சட்டையைத் துவைத்து வைக்கச் சொன்னார்.

ஆனால் அந்த நாடகத்தில் ஒரு கோளாறு இருந்தது. முழு நாடகமும் இருட்டில் நடக்கிறது. நடிகர்கள் தலையில் சுரங்கத் தொப்பி, தொப்பியில் விளக்கு. ஏழு பேரும் வரிசையாக நின்று விளக்கைப் பார்வையாளர்களின் முகத்தில் அடித்தபடிதான் பேசுவோம். எங்கள் முகம் யாருக்கும் தெரியாது.

சுரங்கத்துக்குள் ஒருவன் இன்னொருவன் முகத்தில் விளக்கை அடிக்க மாட்டான். அடித்தால் இருட்டில் அவனுக்குக் கண் போய்விடும், கால் தவறிவிடும். எதிரே ஆள் வந்தால் இரண்டு பேரும் தலையைக் குனிந்துகொள்வார்கள். அதுதான் அங்கே நாகரிகம். அண்ணனுக்கு இன்னும் அந்தப் பழக்கம் போகவில்லை. சந்தில் எவனாவது பைக்கில் விளக்கைப் போட்டுக்கொண்டு எதிரே வந்தால் ஓரமாக நின்று தலையைத் தொங்கப் போட்டுக்கொள்வார், பைக் தாண்டிப் போகும் வரை. பெரியவர் வணக்கம் வைக்கிறார் என்று நினைத்துப் பையன்கள் பதிலுக்குக் கையைத் தூக்கிவிட்டுப் போவார்கள்.

பெங்களூர் ஒத்திகையிலேயே இதைச் சொல்லிப் பார்த்தேன். "கண்ணு கூசுதே, அதுதான் சார் அவங்க வலி. அது ஆடியன்ஸ் உடம்புல இறங்கணும்," என்றான். கண் கூசுவதெல்லாம் ஒரு வலியா என்று கேட்க நினைத்தேன். ஆனால் பெங்களூர்க்காரர்களுக்குக் காது இருக்கிறது, முகம் தெரியாவிட்டாலும் கதை புரியும் என்று விட்டுவிட்டேன்.

எங்கள் ஊருக்கு வந்த அன்று மத்தியானம், ராபர்ட்சன்பேட்டை மண்டபத்தில் விளக்குகளைக் கட்டிக்கொண்டிருந்தபோது பையனைத் தனியாகக் கூப்பிட்டுச் சொன்னேன்.

"இன்னைக்கு வர்றவங்கள்ல நிறைய பேருக்குக் காது கேட்காதுப்பா. வாயைப் பாத்துத்தான் புரிஞ்சுப்பாங்க. நாடகம் முழுக்க வேணாம். கடைசி வசனத்துக்கு மட்டும் நான் தொப்பியைக் கழட்டி விளக்கை என் முகத்துல பிடிச்சுக்கறேன். என் அண்ணன் வர்றார்."

அவன் என் தோளில் கை வைத்தான். இந்தக் காலத்துப் பிள்ளைகள் வாத்தியார் தோளில் கை வைக்கக் கூசுவதில்லை.

"சார், முதல் ஷோ முடிஞ்ச அப்புறம் ஆக்டர் எதையும் மாத்தக் கூடாதுன்னு நீங்கதானே சொல்லிக் குடுத்தீங்க? அன்னைக்கு அந்தப் பையனைத் தூக்கச் சொன்னது நீங்கதானே? நான் மறக்கவே இல்ல சார்."

வளர்த்த கடா மார்பில் பாயும் என்பார்கள். இது பாயவில்லை, பணிவாக வந்து என் பாடத்தையே ஒப்பித்தது. நல்ல மாணவன். நூற்றுக்கு நூறு போட வேண்டும். எனக்கு வந்த கோபத்தில் அங்கிருந்த நாற்காலியை உதைத்துவிட்டு வேஷம் கட்டப் போனேன்.

சாயங்காலம் மண்டபம் நிரம்பியது. அண்ணன் வெள்ளைச் சட்டையில் வந்தார், முகம் மழித்து, தலைக்கு எண்ணெய் வைத்து. நேராக மூன்றாவது வரிசைக்குப் போய் நடு நாற்காலியில் உட்கார்ந்தார். பக்கத்தில் அண்ணி. வரிசை முழுக்க அவரோடு கீழே இறங்கின ஆட்கள்தான், எல்லாம் பென்சன்காரர்கள். நான் திரைக்குப் பக்கத்திலிருந்து பார்த்தேன். முன்னால் சாய்ந்து, முழங்காலில் இரண்டு கையையும் ஊன்றி, மேடையையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் நாடகம் பார்க்கிற விதம் அது. வருஷக்கணக்காக நான் பார்க்காதது.

விளக்கு அணைந்தது. நாங்கள் ஏழு பேரும் வந்து நின்று தொப்பி விளக்குகளைப் போட்டோம்.

பின் வரிசையிலிருந்து ஒரு கிழவர், "டேய், லைட்டக் கீழ எறக்குடா!" என்று கத்தினார். பெண்கள் சிரித்தார்கள். நாங்கள் இறக்கவில்லை. கொஞ்ச நேரம் கையால் கண்ணை மறைத்துப் பார்த்தார்கள், முகத்தைத் திருப்பிப் பார்த்தார்கள். அப்புறம் ஒருவர் தலையைக் குனிந்தார். அவருக்குப் பக்கத்தில் இருந்தவர் குனிந்தார். மூன்றாவது வரிசை முழுக்கக் குனிந்தது, அதற்குப் பின்னால் நான்காவது, ஐந்தாவது. எழுந்து போகவும் இல்லை, திட்டவும் இல்லை. எதிரே தெரியாத்தனமாக விளக்கை அடித்துக்கொண்டு ஆள் வருகிறான், அவன் தாண்டிப் போகட்டும் என்று பொறுத்திருந்தார்கள். மணிக்கணக்கில் நாங்கள் தாண்டிப் போகவே இல்லை.

எனக்கு எல்லாம் நன்றாகத் தெரிந்தது. என் விளக்கே அவர்கள்மேல்தான் விழுந்துகொண்டிருந்தது. அண்ணனின் வழுக்கை, அதன் நடுவில் வெகுகாலத்துக்கு முன் கல் விழுந்த தழும்பு, எண்ணெய் மினுமினுப்பு எல்லாம் தெரிந்தது. நான் பேசிய ஒரு சொல்லும் அவருக்குப் போய்ச் சேரவில்லை. ஓரத்தில் போட்டோ எடுக்கிற பெண் ஒருத்தி குனிந்த தலைகளைப் பார்த்து ஓடி வந்து மண்டியிட்டு எடுத்துக்கொண்டே இருந்தாள்.

கடைசி வசனம் வந்தது. நான் ஓர் அடி முன்னால் வந்து நின்றேன். கை தானாகத் தொப்பிக்குப் போனது. பொய் சொல்லக் கூடாது, தானாகப் போகவில்லை. நான்தான் கொண்டுபோனேன். தொப்பியைக் கழற்றி, விளக்கைத் தாடைக்குக் கீழே பிடித்து, என் முகத்தைக் காட்டினேன். வாழ்நாள் முழுக்க எந்த விதியைச் சொல்லிச் சம்பளம் வாங்கினேனோ, அதைப் பல பேர் பார்க்க மேடையில் போட்டு உடைத்தேன்.

அண்ணன் நிமிரவில்லை. எனக்குப் பின்னால் இன்னும் ஆறு விளக்குகள் அவர் முகத்தை நோக்கி எரிந்துகொண்டிருந்தன. நான் ஒருவன் விளக்கைத் திருப்பியது அவருக்கு எப்படித் தெரியும்? "நிமிருண்ணா" என்று கத்த வேண்டும் போல இருந்தது. கத்தினால்தான் கேட்டுவிடப் போகிறதா? அவருடைய மூன்று வரியை அவருடைய வழுக்கைத் தலையைப் பார்த்துச் சொன்னேன். வாயைத் திறந்து, உதட்டை அழுத்தி, லைனில் அவர் சொல்லிக்கொடுத்த மாதிரியே ஒவ்வொரு சொல்லாகச் சொன்னேன். அண்ணி முந்தானையை வாயில் வைத்து அழுதார். காது கேட்கிறவர்களெல்லாம் தட்டினார்கள். பக்கத்து ஆள் கை ஆடுவதைப் பார்த்துவிட்டு அண்ணன் தலையைத் தூக்கினார். அதற்குள் விளக்கை அணைத்துவிட்டார்கள்.

வேஷத்தைக் கலைக்கிற இடத்துக்குப் பையன் ஓடி வந்தான், கண்ணெல்லாம் நீர்.

"பாத்தீங்களா சார்? மொத்த வரிசையும் தலை குனிஞ்சாங்க. பெங்களூர்ல யாரும் இப்படிக் குனியல. அவங்க கதை சார், தாங்க முடியல அவங்களால."

"தாங்க முடியாதது லைட்டுப்பா. கண்ணு கூசிச்சு, குனிஞ்சாங்க. யாரும் எதையும் பாக்கல."

"நீங்க ரொம்ப மாடஸ்ட் சார்," என்று சொல்லிவிட்டு, பத்திரிகைக்காரர் யாரோ கூப்பிட, போய்விட்டான்.

மறுநாள் காலையில் அண்ணன் வீட்டுக்குப் போனேன். டீ குடித்துக்கொண்டிருந்தார். எதிரே உட்கார்ந்து, வெளிச்சத்தில் முகத்தைக் காட்டி, "எப்பிடிண்ணா இருந்துச்சி?" என்று கேட்டேன்.

டீயை ஆற்றினார். என்னைப் புண்படுத்தாமல் என்ன சொல்வது என்று யோசிக்கிறார் என்பது தெரிந்தது.

"வெளிச்சம் நல்லா இருந்துச்சிடா," என்றார்.

அடுத்த வாரம் பையன் போன் பண்ணினான். நாடகம் மைசூர், தார்வாட் எல்லாம் போகிறது என்றான். கொஞ்சம் இழுத்தான். நலம் விசாரித்தான்.

"சார், அன்னைக்கு நீங்க தொப்பியைக் கழட்டினீங்க இல்ல... நீங்க என் இடத்துல இருந்தா என்ன பண்ணியிருப்பீங்க?"

"வேற ஆளைப் போட்டிருப்பேன்."

"தேங்க்ஸ் சார். எனக்குத் தெரியும் சார், நீங்க புரிஞ்சுப்பீங்கன்னு."

புரிந்துகொண்டேன். அண்ணன் வேஷத்தை எனக்குக் கொடுத்தபோது அவருக்கு எப்படி இருந்திருக்கும் என்பதும் அன்றைக்குத்தான் புரிந்தது. அவருக்காவது தம்பி இருந்தான். என் வேஷத்தை இப்போது போடுகிறவன் யாரென்று எனக்குத் தெரியாது. நாற்பது வயதுக்காரன், தாடி ஒட்டிக்கொள்கிறானாம். தொப்பியைக் கழற்றுவதில்லையாம்.

போன மாதம் பூதிகோட்டையில் அண்ணியின் சொந்தக்காரர் வீட்டுக் கிரகப்பிரவேசம். அண்ணி முந்தின நாளே போய்விட்டார். நானும் அண்ணனும் பஸ் ஸ்டாண்டில் நின்றுகொண்டிருந்தோம். எதிர்ச் சுவரில் பெரிய போஸ்டர் ஒட்டியிருந்தார்கள். நாடகம் மறுபடி எங்கள் ஊருக்கு வருகிறதாம். போஸ்டர் முழுக்க ஒரே படம்: இருட்டில் குனிந்த தலைகள், வரிசை வரிசையாக. நடுவில் தழும்போடு ஒரு வழுக்கை.

அண்ணன் கண்ணைச் சுருக்கிப் பார்த்தார். கிட்டே போனார். விரலால் அந்தத் தலையைத் தொட்டார்.

"டேய், இது நானு!"

ஆமாம் என்று தலையாட்டினேன். சந்தோஷம் தாங்கவில்லை அவருக்கு. பஸ்ஸுக்கு நின்ற ஒரு பெண்ணைக் கூப்பிட்டுக் காட்டினார். "நான் ஒண்ணியுமே பண்ணலடா, சும்மா ஒக்காந்துகினு இருந்தேன். பாரு, எப்பிடி வந்துகீது. உன் படம் எங்க?"

என் படம் இல்லை. அவர் கேட்டுவிட்டு மறந்துவிட்டார். படத்துக்குக் கீழே பெரிய எழுத்தில் அச்சடித்திருந்ததை விரலை ஓட்டி வாய்விட்டுப் படித்தார். சத்தம் சந்தைக்கே கேட்கும்.

"மிசின் சத்தம் நின்னுபோச்சின்னு எல்லாம் அழுவுறாங்க. எனக்கு அது எப்பவோ நின்னுபோச்சி. நான் யாருகிட்ட போயி அழுவறது?"

படித்து முடித்தார். அவர் கண் கலங்கியதைப் பார்த்தேன். எத்தனை மேடையில் எத்தனை பேர் கலங்கியிருக்கிறார்கள், இந்த ஒரு ஜோடிக் கண்ணுக்காகத்தான் நான் என் வேஷத்தைத் தொலைத்தேன்.

"யாருடா எழுதனது?" என்றவர், அதற்கும் கீழே இருந்த இயக்குநர் பெயரைத் தானே படித்தார். "நம்ம வூட்டுக்கு வருவானே, டவுன்ஷிப் பையன், அவனா? அடேங்கப்பா. நம்ம கஷ்டம் அவனுக்கு எப்பிடிடா தெரிஞ்சிது?"

அவர் தோளைப் பிடித்து என் பக்கம் திருப்பினேன். வெயில் என் முகத்தில் விழுகிற மாதிரி நின்றுகொண்டேன்.

"அவன் எழுதலண்ணா. அது நீ சொன்னது. மைன்ஸ மூடனப்போ, கட்டில்ல ஒக்காந்துகினு நீ எங்கிட்ட சொன்னது."

என் உதட்டையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு சொல் விடாமல் புரிந்துகொண்டார் என்பது எனக்குத் தெரியும். பிறகு முகம் முழுக்கச் சிரித்து என் முதுகில் ஒரு தட்டுத் தட்டினார்.

"போடா. எனக்கு அப்பிடிலாம் எங்க பேச வரும்?"

பஸ் வந்து ஹாரன் அடித்தது. அவர் போஸ்டர் பக்கம் திரும்பி அந்தப் பையனின் வரிகளை இன்னொரு தடவை படித்துக்கொண்டிருந்தார். நான்தான் கையைப் பிடித்து இழுத்து ஏற்றினேன்.